தாம்பாளத்தில் வைத்த பில்

திருச்செங்கோடு,
வியாழக்கிழமை மாலை.

அன்புள்ள சௌமியா அக்காவுக்கு,

அறிவுச்செல்வி எழுதிக்கொள்வது. இங்கே எல்லோரும் நலம். தில்லிக் குளிர் உங்களை அதிகம் படுத்தவில்லை என்று நம்புகிறேன்.

கையில் போன் இருக்கும்போது இவள் ஏன் தாளில் எழுதித் தொந்தரவு செய்கிறாள் என்று நினைப்பீர்கள். மன்னித்துக்கொள்ளுங்கள். போன வாரம் வாட்ஸ்அப்பில் இதையெல்லாம் தட்டித் தட்டி அழித்துக்கொண்டிருந்தேன். நான் தட்டுவது உங்கள் திரையில் தெரிந்து, நீங்களே அழைத்துவிட்டீர்கள். நான் எடுத்து, "ஒன்னுமில்லீங்க்கா, சும்மாதானுங்க, சாப்பிட்டீங்களா" என்று கேட்டு வைத்துவிட்டேன். காலை பதினொரு மணிக்கு அந்தக் கேள்வி. நீங்கள் சிரித்திருப்பீர்கள். எழுதினால் எனக்கு வார்த்தை வருகிறது. வாயைத் திறந்தால் வருவதில்லை. விடுதியில் என் பக்கத்து அறையில் இரண்டு வருடம் இருந்தவருக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

முதலில் உங்கள் வீட்டுச் செய்தி. ராசிபுரத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போனபோது உங்கள் வீட்டுக்கும் போய் உங்கள் அம்மாவைப் பார்த்தேன். "வாரேன் வாரேன்ங்கறா, தீவாளியும் போயிருச்சு, பொங்கலுக்காச்சும் மூஞ்சியக் காட்டச் சொல்லு" என்றார்கள். தறி ஓடுகிறது, புடவை வியாபாரம் சுமார்தானாம். உங்களுக்கு அனுப்பச் சொல்லி ஒரு தூக்குப் பாத்திரம் நிறைய நெய் கொடுத்தார்கள். கூரியர்காரர் நெய்யை வாங்க மாட்டேன் என்றுவிட்டார். அதனால் நெய் எங்கள் வீட்டு அடுக்களையில் இருக்கிறது. நீங்கள் வரும்போது அளவு குறைந்திருந்தால் என்னைக் கேட்காதீர்கள், என் அம்மாவைக் கேளுங்கள்.

இனி என் விஷயம்.

எங்கள் கடையை நீங்கள் பார்த்ததில்லை. சங்ககிரி ரோட்டில் இருக்கிறது. ஆழ்துளைக் கிணற்றுக்குப் போர் போடும் ரிக் வண்டிகளுக்குப் பிட் விற்கிறோம். பாறையை இடித்துப் பொடியாக்கும் இரும்புத் தலைக்குத்தான் பிட் என்று பெயர். அதன் முகம் முழுக்கக் குமிழ் குமிழாகப் பட்டன்கள் இருக்கும். அவை தேய்ந்துபோனால் பிட்டின் ஆயுள் முடிந்தது. அப்படித் தேய்ந்த ஒன்று, கிழவன் பல் மாதிரி இளித்துக்கொண்டு, எங்கள் கடைக் கதவுக்கு முட்டுக் கொடுத்தபடி உட்கார்ந்திருக்கிறது. அப்பா ரிக்கில் டிரில்லராக வடநாடு முழுக்கச் சுற்றியவர். ராடு மாட்டும்போது ஒரு விரல் நசுங்கிய பிறகு ஊருக்குத் திரும்பி இந்தக் கடையை வைத்தார். ஒரு பெரிய கம்பெனிக்கு டீலர். நாங்கள் மூன்று பேர் சாப்பிடுவதும், நான் கல்லூரிக்குப் போனதும் இந்தக் கடையால்தான்.

இந்த ஊர் வண்டிகள் இந்த ஊரில் ஓடுவதில்லை, அக்கா. முதலாளி இங்கே இருப்பார். வண்டி சத்தீஸ்கரில் ஏதாவது ஒரு காட்டில் நிற்கும். பிட் மட்டும் இங்கேயே வாங்குவார்கள். லீவில் வந்துவிட்டுத் திரும்பும் ஆட்கள் அதைச் சாக்கில் சுற்றி ரயிலில் கொண்டுபோவார்கள். அல்லது ஏதாவது ஒரு லாரியில் ஏற்றிவிடுவோம். எனக்குத் தெரிந்து எப்போதும் இப்படித்தான் நடக்கிறது.

இன்னொரு வழக்கமும் உண்டு. புது வண்டி முதல்முறையாக ஊரை விட்டுக் கிளம்பும்போது மலையடிவாரத்தில் நிறுத்திப் பூஜை போடுவார்கள். அந்த வண்டியின் முதல் பிட்டை அப்பா லாபம் வைக்காமல் கொடுப்பார். முதல் பிட்டில் காசு பார்த்தால் அந்த வண்டிக்குத் தண்ணீர் காட்டாது என்பது அவர் நம்பிக்கை. பில்லையும் பிட்டையும் தேங்காய், பழத்தோடு தாம்பாளத்தில் வைத்து, மஞ்சள் தடவிக் கொடுப்பார்.

போன மாதம் தனசேகர் அண்ணன் புது வண்டி எடுத்தார். பூஜை முடிந்தது. அவருக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். தாம்பாளத்தைப் படம் எடுத்து, "ராய்ப்பூர் கிளம்பியாச்சு, எல்லாரும் வாழ்த்துங்க" என்று ஸ்டேட்டஸ் வைத்துவிட்டார். படத்தில் எலுமிச்சம்பழம் மங்கலாகத் தெரிந்தது. பில் மட்டும் பளிச்சென்று தெரிந்தது. தனசேகர் அண்ணனின் போனில் எண் இருந்தவர்களில் ஒருவர், அதே கம்பெனியின் ராய்ப்பூர் டீலர்.

அவர் வாழ்த்தவில்லை. படத்தைக் கம்பெனிக்கு அனுப்பிவிட்டார்.

கம்பெனியிலிருந்து அப்பாவுக்குக் கடிதம் வந்தது. நாங்கள் செய்ததாக இரண்டு தவறுகள் சொல்லியிருந்தார்கள். ஒன்று, கம்பெனி சொன்ன குறைந்தபட்ச விலைக்கும் கீழே விற்றது. இரண்டு, எங்களுக்கு ஒதுக்கிய எல்லைக்கு வெளியே, ராய்ப்பூரில் ஓடும் வண்டிக்குச் சரக்குக் கொடுத்தது. இனி இப்படிச் செய்யமாட்டேன் என்று மாதக் கடைசிக்குள் எழுதித் தர வேண்டும், இல்லாவிட்டால் சரக்கு நிற்கும். எழுதித் தந்தால் வெளியூரில் ஓடும் வண்டிகளுக்குக் கொடுக்க முடியாது. எங்கள் வாடிக்கைக்காரர்கள் முக்கால்வாசிப் பேர் வெளியூரில்தான் ஓடுகிறார்கள். எப்படிப் பார்த்தாலும் கடைக்கு ஆபத்து.

அப்பா கடிதத்தை என்னிடம் நீட்டி, "சாமி பூஜைக்கு வெச்ச பில்லுக்கு நோட்டீஸ் உடற கம்பெனிய எங்கயாச்சும் பாத்திருக்கயா சாமி?" என்று கேட்டார்.

பீரோவிலிருந்த டீலர் ஒப்பந்தத்தை அன்றுதான் முதல்முறையாகப் படித்தேன். முழுக்க ஆங்கிலம். அப்பா கையெழுத்துப் போட்ட இடங்களில் ஒட்டியிருந்த மஞ்சள் துண்டுச்சீட்டுகள் இன்னும் அப்படியே இருந்தன. படித்தீர்களா என்று கேட்டேன். மஞ்சள் சீட்டு இருக்கும் பக்கத்தைத்தானே திருப்பச் சொன்னார்கள் என்றார். எல்லாம் அதில் இருந்தது. இந்த எல்லைக்குள் மட்டும் விற்க வேண்டும். இந்த விலைக்குக் கீழே விற்கக் கூடாது. வேறு கம்பெனிப் பிட்டைக் கடையில் வைக்கக் கூடாது.

ஒருவர் சொந்தக் காசு கொடுத்து வாங்கிய பொருளை இன்ன விலைக்குத்தான் விற்க வேண்டும் என்று, விற்றவரே எப்படிச் சொல்ல முடியும்? எனக்கு இது பிடிபடவே இல்லை. பி.காம். வணிகச் சட்டப் பாடத்தில் இந்த இடத்தை இரண்டே பத்தியில் தாண்டிப் போய்விட்டோம். கடையில் ஆள் இல்லாத நேரங்களில் போனில் தேடினேன். போட்டிச் சட்டம், மூன்றாம் பிரிவு, நான்காம் உட்பிரிவு. அதைப் பார்த்ததும் எனக்கு ஏற்பட்டதை, சட்டம் படித்த நீங்கள் சிரிக்காமல் கேளுங்கள். ஏதோ தெரியாத ஊரில் பஸ்ஸை விட்டு இறங்கியதும் நம் தெருக்காரர் எதிரே வந்தது போல இருந்தது. சரக்குக் கொடுப்பவரும் விற்பவரும் செய்துகொள்ளும் ஒப்பந்தங்கள், எல்லை பிரித்துக் கொடுப்பது, வேறு சரக்கு வைக்காதே என்பது, மறுவிற்பனை விலையைக் கட்டுவது, எல்லாம் பெயர் சொல்லி அங்கே இருந்தன. அடுக்களைக்கு ஓடி, "நம்ம கடை சட்டத்துலயே இருக்குதுங்கம்மா" என்றேன். அம்மா, "நல்லபடியா இருக்குதா, கெட்டபடியா இருக்குதா?" என்று கேட்டார்.

அந்தக் கேள்விக்குப் பதில் தேடித்தான் மறுபடி படித்தேன். முதல் தடவை நான் வாக்கியத்தின் தலையைத்தான் படித்திருந்தேன். வால் தனியாக இருந்தது. அந்த ஒப்பந்தத்தால் போட்டிக்குக் குறிப்பிடத்தக்க கெடுதல் வந்தால், அல்லது வரக்கூடும் என்றால், அப்போதுதான் அது தவறு. அப்படியானால் எல்லை பிரித்தாலே தவறு என்றில்லை. நிறுத்துப் பார்க்க வேண்டும். புதியவர்கள் உள்ளே வர முடிகிறதா, இருப்பவர்கள் துரத்தப்படுகிறார்களா, வாங்குபவர்களுக்கு அதனால் ஏதாவது நன்மை உண்டா. எங்கள் ரோட்டிலேயே வேறு வேறு கம்பெனிப் பிட்டுகள் எத்தனையோ கடைகளில் கிடைக்கின்றன. ஒரு கம்பெனி இறுக்கினால் ரிக்காரர் இன்னொன்றை வாங்கிக்கொள்வார். எங்களுக்கு வலிக்கிறது என்பதற்காகவே போட்டிக்கு வலிக்கிறது என்று சொல்லிவிட முடியாது போலிருக்கிறது. எனக்கு முதலில் ஏமாற்றமாக இருந்தது. பிறகு, உண்மையைச் சொன்னால், ருசியாகவும் இருந்தது.

அந்த வாரம் கம்பெனியின் விற்பனை அதிகாரி யோகேஷ் கடைக்கு வந்தார். கோயம்புத்தூர்க்காரர், நல்ல மாதிரி. அப்பா பிடித்துக்கொண்டார். யோகேஷ், "ஏனுங்ணா, நான் சொல்றத சித்தக் கேளுங்ணா" என்று பொறுமையாகச் சொன்னார். ராய்ப்பூர் டீலர் தன் செலவில் ஒரு வேன் வைத்திருக்கிறாராம். அதில் கிரைண்டிங் மிஷின். வண்டி எந்தக் காட்டில் நின்றாலும் போய்ப் பட்டன் தீட்டிக் கொடுக்கிறாராம், எந்தப் பாறைக்கு எந்தப் பிட் என்று சொல்லித் தருகிறாராம். அந்தச் செலவெல்லாம் அவர் விற்கும் பிட்டின் லாபத்திலிருந்துதான் வர வேண்டும். "சர்வீஸ் அவன்கிட்ட, பில்லு உங்ககிட்டயா? அப்பறம் அவன் எதுக்குங்ணா வேன் ஓட்டறான்?" என்றார். அப்பா, "அவன் ஓட்டாட்டிப் போறான், நாங்க அந்தக் காலத்துல கையிலயே தீட்டுனோம்" என்று சொல்லி டீயை அவர் பக்கம் தள்ளினார்.

எனக்கு அந்தப் பேச்சு மனசில் தங்கிவிட்டது. ஏனென்றால் அதே அப்பா, சித்திரை மாதம் வேறு மாதிரி பேசினார். ஒருவர் கடைக்கு வந்து, பிட்டைத் தூக்கிப் பார்த்து, தன் வண்டி நிற்கும் இடத்தில் எந்த நிறத்தில் புழுதி வருகிறது என்று அப்பாவிடம் சொல்லி, எந்தப் பிட் போடலாம் என்று அரைமணி நேரம் கேட்டுத் தெரிந்துகொண்டார். பிறகு எங்கள் கல்லாவுக்கு முன்னால் நின்றபடியே சேலம் கடைக்குப் போன் போட்டு, அதே கம்பெனிப் பிட்டை விலை குறைத்துப் பேசி வாங்கிவிட்டார். அப்பா அன்றைக்கு யோகேஷைப் போனில் கூப்பிட்டுக் கத்தியது ரோட்டுக்கே கேட்டது. "எம்பட ஏரியாவுல சேலத்துக்காரன் எப்படிங்க விக்கலாம்?"

அதே ஷரத்துதான், அக்கா. அப்பாவைக் கட்டிப்போடும் வரிதான் அப்பாவைக் காப்பாற்றும் வரியும். இதைச் சாப்பாட்டு நேரத்தில் மெதுவாகச் சொன்னேன். அப்பா பிசைந்த சோற்றைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே இருந்தார். அம்மா ரசத்தை ஊற்றிக்கொண்டே, "அப்ப அந்த ராய்ப்பூருக்காரனும் இப்படித்தான் சோத்தக் கையில வெச்சுக்கிட்டு உக்காந்திருந்திருப்பான்" என்றார். அப்பாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கோபமும் வந்தது. இரண்டும் சேர்ந்து புரையேறியது.

வெள்ளிக்கிழமை, கடையிலிருந்து.

நேற்று தனசேகர் அண்ணன் வந்ததால் பாதியில் நிறுத்தினேன். அவர் இப்போது ஸ்டேட்டஸே வைப்பதில்லை. அப்பாவைப் பார்க்கும்போதெல்லாம் தலையைச் சொறிகிறார். வண்டிக்கு முதல் போரிலேயே தண்ணீர் வந்துவிட்டதாம். அதைச் சொல்லத்தான் வந்தார். அப்பா, "பாத்தயா" என்று என்னைப் பார்த்தார்.

உங்களுக்குச் சொல்ல வந்த முக்கியமான விஷயத்துக்கு இப்போதுதான் வருகிறேன்.

எங்கள் கடைக்கு நேர் எதிர்ப்புறம் மணியன் மாமாவின் கடை. மாமா என்றாலும் சொந்தக்காரர் இல்லை, அப்பாவும் அவரும் ஒரே ரிக்கில் இருந்தவர்கள். அப்பாவின் விரல் நசுங்கிய அன்று காட்டிலிருந்து ரோடு வரைக்கும் அவரைத் தோளில் தூக்கி வந்தவர் இவர்தான். இந்த ரோட்டுப் பிட் கடைக்காரர்களுக்கு அவர் சொல்தான் சொல். அப்பாவுக்கு வந்த கடிதத்தைப் பார்த்ததும் அவருக்கு ஆத்திரம் தாங்கவில்லை. "இன்னிக்குக் கண்ணுசாமிக்கு வந்தது நாளைக்கு நமக்கு வரும். எல்லாரும் ஒத்துமையா நின்னாக் கம்பெனி என்ன பண்ணிரும்?" என்று எல்லாக் கடைக்காரர்களையும் கூட்டப் போகிறார். வரும் ஞாயிறு இல்லை, அதற்கடுத்த ஞாயிறு. அவர் கடை மாடியில்.

அன்று நிறைவேற்றப் போகும் தீர்மானத்தைச் சுத்தமாக டைப் அடித்துத் தரச் சொல்லி என்னிடம்தான் கொடுத்தார். "படிச்ச புள்ள, எழுத்துப் பிழையில்லாம அடிச்சுக் குடு சாமி" என்றார். சந்தோஷமாக உட்கார்ந்தேன். முதல் தீர்மானம், முதல் பிட் வழக்கத்தையும் இந்த ஊர் முதலாளிகளின் வண்டிகளையும் கம்பெனி மதிக்க வேண்டும் என்பது. அடித்தேன். அடுத்தது, இனிமேல் இந்த ரோட்டில் எல்லாக் கடையிலும் பிட் ஒரே விலை, எவரும் குறைக்கக் கூடாது. அதற்கும் அடுத்தது, எந்த வண்டி எந்தக் கடையின் வாடிக்கையோ அந்தக் கடையில்தான் வாங்க வேண்டும், மற்றவர் கொடுக்கக் கூடாது.

என் கை அங்கே நின்றுவிட்டது. நான்காம் உட்பிரிவைத் தேடும்போது அதற்கு மேலே இருந்த மூன்றாம் உட்பிரிவையும் படித்திருந்தேன். அது ஒரே வியாபாரம் செய்பவர்கள் தங்களுக்குள் செய்துகொள்ளும் ஒப்பந்தம் பற்றியது. சங்கமாகச் சேர்ந்து எடுக்கும் முடிவும் அதில் சேரும். விலையைச் சேர்ந்து கட்டுவது, வாடிக்கையைப் பங்கு போட்டுக்கொள்வது இவற்றை அங்கே முதலில் நிறுத்துப் பார்ப்பதில்லை. போட்டிக்குக் கெடுதல் என்று எடுத்துக்கொண்டுதான் சட்டம் பேச்சையே தொடங்குகிறது. இல்லை என்று காட்டுவது நம் பொறுப்பு. அபராதமும் சின்னது இல்லை. கம்பெனி செய்தது சரியா தவறா என்று இன்னும் யோசிக்க இடமிருக்கிறது. அதற்குப் பதிலாக நாங்கள் செய்யப் போவதில் அந்த இடமும் இல்லை. அநியாயத்தைத் தட்டிக் கேட்கப் போகிறவர்கள், தட்டிக் கேட்கும் தீர்மானத்திலேயே மாட்டிக்கொள்வார்கள்.

அப்பாவிடம் சொன்னேன். அவருக்குக் கோபம் வந்தது. என் மேல் இல்லை, சட்டத்தின் மேல். "அத்தப் பெரிய கம்பெனி பண்ணுனா ஆராயோணும். நாங்க அண்ணன் தம்பியாட்டம் ஒத்துமையாப் பண்ணுனா ஆராயாமயே தப்பா? என்ன சாமி சட்டம் இது?" என்று கேட்டார்.

நியாயமான கேள்விதானே? இரண்டு நாள் கழித்து, கல்லாவில் உட்கார்ந்து ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் பதில் கிடைத்தது. மணியன் மாமா கடைக்குள் ஒருவர் போனார். விலை கேட்டார். வெளியே வந்தார். லாரி போகட்டும் என்று நின்று, ரோட்டைத் தாண்டி எங்கள் கடைக்கு வந்தார். அவ்வளவுதான், அக்கா. ரிக்காரருக்கு இருக்கும் ஒரே தைரியம் அந்த ரோட்டைத் தாண்டுவதுதான். கம்பெனியும் நாமும் மேலே கீழே நிற்பவர்கள். அவர்கள் சரக்கு விற்க நாம் வேண்டும், நாம் விற்க அவர்கள் சரக்கு வேண்டும். கம்பெனி எங்களை ரொம்ப இறுக்கினால் ரிக்காரர் ரோட்டைத் தாண்டி வேறு கம்பெனியிடம் போய்விடுவார். ஆனால் ரோட்டின் இரண்டு பக்கமும் பேசி வைத்துக்கொண்டால், அவர் தாண்டி வந்தும் பயனில்லை. கடைசியில் அந்தக் கூடுதல் விலை அடிக்கு இவ்வளவு என்று போர் போடச் சொல்லும் விவசாயி தலையில்தான் விழும்.

இதை அப்பாவிடம் சொன்னேன். அம்மாதான், "நாம கடை வெச்ச புதுசுல அக்கட்ட இருந்து ரோட்டத் தாண்டித்தான ஆளு வந்தாங்க. மணியண்ணன் ஒரு வார்த்த கேட்டிருப்பாரா?" என்றார். அதற்குப் பிறகு அப்பா நாற்காலியை எதிர்க்கடைப் பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்தார். அவர் மனசில் ஓடியது எனக்குத் தெரியும். தன்னைத் தோளில் தூக்கி வந்தவர், தனக்காகவே போடும் தீர்மானம். அதில் கையெழுத்துப் போடாமல் இருந்தால் நன்றி கெட்டவன் என்று பெயர். போட்டால் எல்லோருமாகச் சேர்ந்து கிணற்றில் குதித்த கதை.

கடைசியில் அப்பா சொன்னார். "கையெழுத்துப் போடாம நழுவறது எனக்கு ஆகாது. ஏன் போடலைன்னு எல்லார் முன்னாலயும் சொல்லோணும். மணியனும் போடாம நிக்கோணும், அதுதான் நான் அவனுக்குச் செய்யறது. ஆனா எனக்கு அதச் சொல்ல வராது. நீ வந்து சொல்லு சாமி."

எழுதித் தருகிறேன், நீங்கள் படித்துவிடுங்கள் என்று கெஞ்சினேன். "உன்ற எழுத்த நான் படிச்சா எரவல் சட்டையாட்டம் இருக்கும். தோள்ல நிக்காது" என்றார். சரி, தீர்மானத்தைத் திருத்தி அடித்து மணியன் மாமாவிடம் சத்தமில்லாமல் கொடுத்துவிடலாம் என்று பார்த்தேன். அவர் வாங்கிப் பார்த்தார். முதல் தீர்மானம் மட்டும் இருந்தது. மற்றது எங்கே என்று கேட்டார். நான் நின்றேன். அப்பாதான், "புள்ள ஞாயித்துக்கெழம வந்து சொல்லும்" என்றார். மணியன் மாமா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு என்னைப் பார்த்தார். "ஏப்பா கண்ணுசாமி, நாம பொட்டியக் கட்டிக்கிட்டு ஊரூராப் போயிப் படிக்க வெச்சா, அதுக திரும்பி வந்து நமக்கே சட்டம் சொல்லுதுகளா?" என்று அப்பாவிடம் சொல்லிவிட்டு என் பக்கம் திரும்பி, "வா சாமி, வந்து சொல்லு, கேக்கறோம். மைக்குக்கூட வெச்சிர்றேன்" என்றார். அவர் கேலி செய்தாரா, கோபமா, உண்மையிலேயே கேட்க ஆசைப்பட்டாரா என்று இன்னும் தெரியவில்லை.

நான் சொல்ல நினைத்திருப்பது இதுதான். சரியா என்று பாருங்கள். விலையைப் பற்றியும் வாடிக்கையைப் பற்றியும் நாம் நமக்குள் எதையும் முடிவு செய்ய வேண்டாம். கம்பெனிக்குப் பதிலை ஒவ்வொரு கடையும் தன் தன் முடிவாகத் தனியாக எழுதட்டும். கம்பெனியின் ஷரத்து ரொம்ப மோசம் என்று தோன்றினால், தில்லியில் இருக்கும் போட்டி ஆணையத்துக்குத் தகவல் கொடுக்க வழி இருக்கிறது. நிறுத்துப் பார்ப்பது அவர்கள் வேலை. அதுவரை முதல் தீர்மானத்தை மட்டும் கோரிக்கையாக வைப்போம். யோகேஷிடம் நான் தனியாக ஒன்று கேட்டேன். அங்கே போகும் ஒவ்வொரு பிட்டுக்கும் ராய்ப்பூர்க்காரரின் வேன் செலவில் நாங்கள் ஏதாவது பங்கு கொடுத்தால் அவர் ஒப்புக்கொள்வாரா என்று. யோகேஷின் முகத்தைப் பார்க்காமல் கல்லாவைப் பார்த்துத்தான் கேட்டேன். யோகேஷ் கொஞ்சம் யோசித்து, "இத எங்காபீஸ்ல ஒருத்தரும் கேக்கலீங்களே" என்றார். மேலே கேட்டுச் சொல்கிறேன் என்று போயிருக்கிறார். இதுவரை பதில் இல்லை.

எனக்கு இன்னும் விளங்காத ஒன்று இருக்கிறது. உங்களுக்கு நேரம் கிடைக்கும்போது எழுதினால் போதும். வண்டி நகர்ந்துகொண்டே இருக்கிறது. முதலாளி இங்கே, காசு இங்கே, பில் இங்கே. பிட் பாறையைத் தொடுவது மட்டும் அங்கே. அப்படியானால் நாங்கள் விற்றது எந்த எல்லைக்குள்? எல்லைக் கோட்டை மண்ணில் போட்டவர்கள் சக்கரத்தைப் பற்றி யோசிக்கவில்லையோ? ஒப்பந்தத்தில் 'விற்பனை' என்றுதான் இருக்கிறது, 'பயன்பாடு' என்று இல்லை. அது எங்களுக்கு உதவுமா? சட்டம் படித்தவர்களுக்கு இது சின்னப்பிள்ளைக் கேள்வியாக இருக்கலாம். எனக்கு இதை நினைத்தாலே பொழுது போய்விடுகிறது. நானும் உங்களைப் போலச் சட்டம் படித்திருக்கலாமோ என்று இப்போதெல்லாம் தோன்றுகிறது. அம்மா, "அது பேசறவங்க படிக்கற படிப்பு" என்கிறார். குறை சொல்லவில்லை, உள்ளதைத்தான் சொல்கிறார்.

இந்தக் கடிதத்தை நாளை காலை ஸ்பீடு போஸ்ட்டில் போட்டுவிடுகிறேன். செவ்வாய், புதனுக்குள் கிடைத்துவிடும் என்றார்கள். உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். பொங்கலுக்கு வந்துவிடுங்கள். உங்கள் அம்மா விளையாட்டுப் போலத்தான் சொன்னார்கள், ஆனால் வாசல் வரை வந்து நான் பஸ் ஏறும் வரைக்கும் நின்றார்கள். அது எனக்காக நின்றது இல்லை.

முடிப்பதற்கு முன் ஒன்று. இதைக் கேட்கத்தான் கடிதமே எழுத ஆரம்பித்தேன். கேட்க வெட்கப்பட்டு, சட்டத்தையெல்லாம் எழுதிவிட்டேன்.

முதல் வருடம் எனக்குக் கருத்தரங்கில் பேசும் முறை வந்ததே, நினைவிருக்கிறதா? முந்தின நாள் சாயங்காலம் விடுதியின் பின்பக்கம் நீங்கள் துணி துவைத்துக்கொண்டிருந்தீர்கள். நான் அழுதுகொண்டு வந்து நின்றேன். நீங்கள் திரும்பிக்கூடப் பார்க்காமல், "நீ பாட்டுக்குச் சொல்லு, நான் துவைக்கறேன்" என்றீர்கள். உங்கள் முதுகைப் பார்த்துக்கொண்டே முழுவதையும் சொல்லி முடித்தேன். நீங்கள் ஒரு வார்த்தை பேசவில்லை. வாளி நிறையும் சத்தம்தான் கேட்டுக்கொண்டிருந்தது. மறுநாள் மேடையில் எனக்குக் குரல் வந்தது.

கூட்டத்துக்கு முந்தின நாள், சனிக்கிழமை சாயங்காலம், நான் உங்களை அழைக்கிறேன். எடுத்து, போனை எங்காவது ஓரமாக வைத்துவிட்டு உங்கள் வேலையைப் பாருங்கள். நன்றாக இருக்கிறது என்று சொல்ல வேண்டாம். தப்பு இருந்தால் கடைசியில் சொல்லுங்கள், நடுவில் வேண்டாம். மணியன் மாமாவிடம் சொல்வதாக நினைத்து முதலிலிருந்து கடைசி வரை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்துவிடுகிறேன். அந்த நேரத்தில் அங்கே குழாயைக் கொஞ்சம் திறந்து வைப்பீர்களா, அக்கா? தண்ணீர்ச் சத்தம் கேட்டால் போதும்.

என்றும் அன்புடன்,
உங்கள் தங்கை
க. அறிவுச்செல்வி